வீசைக்கு ஒன்றரை அணா

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஜி. சுப்பிரமணிய ஐயரைப் பற்றிக் கட்டுரை எழுதிக்கொண்டிருக்கிறேன். பத்திரிகையாளராகத் தொடங்கி அரசியல்வாதியாக ஆனவர். அரசியல் அவருடைய எழுத்தைத் தின்றுவிட்டதாக எனக்குப் படுகிறது. 1908ல் கைதானதும் உறுதிமொழி எழுதிக் கொடுத்து வெளியே வந்ததும் உறுத்துகிறது. அவரை எந்த வரிசையில் வைப்பது?

ஒரு வாசகர், கும்பகோணம்

அன்புள்ள நண்பருக்கு,

வரிசையில் வைப்பது நூலகர் வேலை, அவரிடம் விட்டுவிடுங்கள். ‘ஆனவர்’ என்கிறீர்களே, எந்தத் தேதியில் ஆனார்? இந்தியரான முத்துசாமி ஐயரைச் சென்னை உயர் நீதிமன்ற நீதிபதியாக்கியதை வெள்ளையர் பத்திரிகைகள் ஏசின. அதற்குப் பதில் சொல்லத்தான் 1878 செப்டம்பர் 20ல் அவரும் சேர்ந்து ஆறு இளைஞர்கள் ஒன்றே முக்கால் ரூபாய் கடன் வாங்கி, 80 பிரதி அச்சடித்து ‘தி இந்து’வைத் தொடங்கினார்கள். அது அரசியல் இல்லையா? 1885ல் பம்பாயில் காங்கிரஸ் முதன்முதலாகக் கூடியபோது முதல் தீர்மானத்தை முன்மொழிந்தவரும் அவர்தான். ஏழு வருஷம் தாளில் எழுதியதை அன்று எழுந்து நின்று சொன்னார், அவ்வளவுதான்.

1908 பற்றி: அப்போது அவருக்கு 53 வயது, உடம்பு குலைந்திருந்தது. கடைசி ஆண்டுகளைத் தொழுநோயோடு கழித்து 1916ல் போய்ச் சேர்ந்தார். மருந்தில்லாத காலத்தில் அந்த நோய் ஒரு மனிதனை என்ன செய்யும் என்று படித்துவிட்டு வாருங்கள், அப்புறம் உறுத்தட்டும். விதவையான மகளுக்கு 1889ல் மறுமணம் செய்துவைத்தவர் அவர். உங்கள் கடிதத்தில் அதைப் பற்றி ஒரு வரி இல்லை.

‘எழுத்தைத் தின்றுவிட்டது’ என்ற இடம்தான் எனக்குப் பொறுக்கவில்லை. 1882ல் வார இதழாகத் தொடங்கிய ‘சுதேசமித்திரன்’ 1899ல் நாளிதழானது. முந்தின வருஷமே அவர் ‘இந்து’வை விட்டு விலகித் தமிழ்ப் பத்திரிகையை எடுத்துக்கொண்டிருந்தார். ஆங்கிலத்தில் எழுதுகிறவனுக்கு இல்லாத ஒரு தொல்லை தமிழில் எழுதுகிறவனுக்கு உண்டு. உப்பு வரியையே பாருங்கள்.

1888ல் அந்த வரி மவுண்டு என்ற எடைக்கு இரண்டு ரூபாயிலிருந்து இரண்டரை ரூபாயானது. ஆங்கிலத் தாள் இதை அப்படியே அச்சடித்துவிடலாம். தமிழில் ‘மவுண்டு’க்கு என்ன போடுவீர்கள்? மணங்கு என்று போட்டால் தொலைந்தது. சர்க்கார் மவுண்டு 40 சேர், அதாவது 3200 தோலா (ஒரு தோலா 12 கிராமுக்குச் சற்றுக் குறைவு). சென்னை மணங்கு 8 வீசை. வீசை 40 பலம், பலம் 3 தோலா, ஆக மணங்கு வெறும் 960 தோலா. சர்க்கார் மவுண்டில் மூன்றில் ஒரு பங்குகூட இல்லை. ‘மணங்குக்கு இரண்டரை ரூபாய்’ என்று எழுதினால், ரூபாய்க்கு 16 அணா ஆயிற்றே, படிப்பவர் வீசைக்கு ஐந்து அணா வரி என்று கணக்குப் போடுவார். உண்மையில் ஒன்றரை அணா. சர்க்கார் பக்கத்து ஆள் ஒருவர் இதைப் பிடித்துக்கொண்டால் பத்திரிகை பொய் சொல்கிறது என்றாகிவிடும். ராஜத்துரோகச் சட்டம் தலைக்கு மேல் தொங்குகிற காலம் வேறு. உப்பைப் படியால் அளக்கிற ஊரில் இன்னும் சிக்கல். கல்லுப்பு பருமனாக இருந்தால் படியில் இடைவெளி விழும், எடை குறையும். பொடியாக இருந்தால் கூடும். அதனால் பலத்தில் சொன்னால்தான் கணக்கு நிற்கும்.

1903ல் வரியைத் திரும்ப இரண்டு ரூபாயாகக் குறைத்தார்கள். பட்ஜெட்டில் பார்க்க எட்டணா சலுகை. வீசைக்கு எவ்வளவு? ஒரு அணாவுக்கு 12 தம்பிடி என்றால் மூன்றரைத் தம்பிடிக்குக் கொஞ்சம் மேல். கூலி வேலை செய்கிறவள் வீசையாக வாங்குவதில்லை, கால் வீசை வாங்குவாள். அவளுக்கு வரவேண்டியது ஒரு தம்பிடிக்கும் குறைவு. அதற்குக் கீழே நாணயம் ஏது? சலுகை கடைக்காரர் பெட்டியிலேயே தங்கிவிடும். 1905ல் ஒன்றரை ரூபாய், 1907ல் ஒரு ரூபாய் என்று வரி இன்னும் இறங்கிய பிறகுதான் கால் வீசைக்காரி கையில் தம்பிடி தெரியும்.

1897ல் லண்டனில் வெல்பி கமிஷன் முன் இந்தியச் செலவுக் கணக்கைப் பற்றிச் சாட்சி சொன்ன மனிதர், தமிழில் அதே விஷயத்தை எழுத உட்கார்ந்தால் தோலாவுக்கும் தம்பிடிக்கும் இறங்கியாக வேண்டும். 1904ல் ‘சுதேசமித்திரன்’ பத்திரிகையில் சேர்ந்த பாரதிக்கும் அங்கே ஆங்கிலத் தந்திகளையும் பேச்சுகளையும் தமிழாக்குகிற வேலைதான். உரைநடை இப்படித்தான் பழகிற்று. இதையா அரசியல் தின்றது என்கிறீர்கள்?

உங்கள் கட்டுரையில் ‘உப்பு வரியைக் கண்டித்தார்’ என்று ஒரு வாக்கியம் இருக்கும், எனக்குத் தெரியும். அதை அடித்துவிட்டு, அந்த இடத்தில் கால் வீசைக் கணக்கைப் போடுங்கள். எடையில் சந்தேகம் வந்தால் எழுதிக் கேளுங்கள், சொல்கிறேன். வரிசையைப் பற்றி மட்டும் கேட்காதீர்கள்.