கோள்கள் பாடும் ஸ்வரம்: கேள்வி பதில்

கேள்வி: கெப்ளர் ஒவ்வொரு கோளுக்கும் ஸ்வரம் எழுதி வைத்தார் என்று எங்கள் பாட்டு டீச்சர் சொன்னார். அவ்வளவு பெரிய விஞ்ஞானிக்கு ஏன் இந்த வேலை?
(வாசகி, கும்பகோணம்)

உங்கள் டீச்சர் சொன்னது நிஜம் அம்மா. கெப்ளர் ஜெர்மானிய வானியலாளர். 1619இல் ஆஸ்திரியாவின் லின்ஸ் நகரில் வெளியான ‘ஹார்மோனிசெஸ் முண்டி’ என்ற புத்தகத்தில் அந்த ஸ்வரங்கள் இருக்கின்றன. வடிவியல், இசை, வானியல் மூன்றும் ஒரே சாஸ்திரம் என்று கெப்ளர் மனசார நம்பினார். அதை நிரூபிக்கத்தான் அந்தப் புத்தகம்.

அவர் வட்டத்தில் தொடங்குகிறார். அளவுகோலும் கவராயமும் மட்டும் இருந்தால் வட்டத்துக்குள் சம முக்கோணம், சதுரம், ஒழுங்கு ஐங்கோணம் வரைந்துவிடலாம். ஒழுங்கான எழுகோணத்தை வரையவே முடியாது. அதனால்தான் 2, 3, 5 வரும் விகிதங்கள் காதுக்கு இனிக்கின்றன, 7 வந்தால் இசை சேரவில்லை என்றார்.

அப்புறம் வானம். கோள் சூரியனுக்குப் பக்கத்தில் வரும்போது வேகமாகவும் தள்ளிப் போகும்போது மெதுவாகவும் நகரும். சூரியனில் நின்று பார்த்தால் ஒரு நாளில் அது எவ்வளவு நகரும்? மிக மெதுவான நாளையும் மிக வேகமான நாளையும் எடுத்து, இரண்டையும் இரண்டு ஸ்வரங்களாக வைத்தார். பஞ்சாங்கம் பார்ப்பவர்களுக்குக் கலை, விகலை தெரியும்: ஒரு பாகைக்கு 60 கலை, ஒரு கலைக்கு 60 விகலை. சனி மெதுவாகப் போகும்போது நாளுக்கு 1 கலை 46 விகலை. வேகமாகப் போகும்போது 2 கலை 15 விகலை. அந்த 46ஐ 48 என்று எடுத்தால் சரியாக 4:5.

உங்கள் வீட்டில் வீணை இருந்தால் இதைக் கேட்டே பார்க்கலாம். வெறும் தந்தியை மீட்டுங்கள், ஷட்ஜம். நாலாவது மெட்டில் விரலை வைத்து மீட்டுங்கள், அந்தர காந்தாரம். இரண்டின் அதிர்வெண்களும் ஏறக்குறைய அதே 4:5. அதுதான் சனியின் பாட்டு. நான் இயற்பியல் நடத்திய காலத்திலிருந்து இதை வாசித்துக் காட்டி வருகிறேன், இன்னும் அலுக்கவில்லை. வியாழனுக்கு 5:6, அதாவது கரகரப்ரியாவின் சாதாரண காந்தாரம். செவ்வாய்க்கு 2:3, பஞ்சமம். நம் பூமிக்கு 15:16, சுத்த ரிஷபம். மாயாமாளவகௌளையில் சரளி வரிசை தொடங்கும் குழந்தை முதலில் பாடுகிற ‘ஸ ரி’தான் பூமி. வெள்ளியின் பாதை கிட்டத்தட்ட வட்டம் என்பதால் 24:25, அசைவே தெரியாது. புதன் மட்டும் 5:12 என்று தார ஸ்தாயி காந்தாரம் வரை ஓடிவிடும்.

காலத்தையும் பாருங்கள். சனி ஒரு சுற்றுச் சுற்ற ஏறக்குறைய 29½ வருஷம். ‘ஸ’விலிருந்து ‘க’வுக்கு ஏற மட்டும் 15 வருஷத்துக்குக் கொஞ்சம் குறைவு!

கேள்வி: 11ஆம் வகுப்பில் கெப்ளரின் மூன்றாம் விதி படிக்கிறோம். இசை எல்லாம் கற்பனை என்றால் விதியை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதை விட்டுவிடலாமே சார்?
(மாணவர், திண்டுக்கல்)

தம்பி, அந்த விதி எங்கே அச்சானது தெரியுமா? இதே இசைப் புத்தகத்தில், ஐந்தாம் பாகத்தின் மூன்றாம் அத்தியாயத்தில். ஒரு கோளின் ஸ்வரத்தை இன்னொரு கோளின் ஸ்வரத்தோடு சேர்த்துப் பார்க்க வேண்டுமானால், தூரத்துக்கும் சுற்றும் காலத்துக்கும் என்ன உறவு என்று தெரிந்தாக வேண்டும். 1618 மார்ச் 8 அன்று அவருக்கு அது பொறி தட்டியது. கணக்குப் பிசகியதால் தள்ளிவிட்டார். மே 15 அன்று திரும்பப் போட்டுப் பார்த்தார், சரியாக வந்தது. பூமியின் தூரத்தையும் ஒரு வருஷத்தையும் அளவாக வைத்தால், தூரத்தின் கனமும் சுற்றும் காலத்தின் வர்க்கமும் சமம்: அதுதான் மூன்றாம் விதி. நீயும் போட்டுப் பார்: வியாழனின் தூரம் பூமியைப் போல 5.2 மடங்கு, அதன் கனம் 140.6. சுற்றும் காலம் 11.86 வருஷம், அதன் வர்க்கம் 140.7.

அந்தப் பிப்ரவரியில்தான் அவருடைய கைக்குழந்தை இறந்திருந்தது. ஊரில் அம்மா மேல் சூனியக்காரி என்ற வழக்கு. இவ்வளவுக்கும் நடுவில் அவரை உட்கார வைத்தது இந்த இசைக் கணக்குதான். விதியை மட்டும் வெட்டியெடுத்துப் பாடமாக வைப்பதில் எனக்கு ரொம்ப வருத்தம்.

அவர் கட்டியதில் விழுந்ததும் உண்டு. அப்போது தெரிந்த ஆறு கோள்களுக்கு நடுவே ஐந்து ஒழுங்குத் திண்மங்கள் (கனசதுரம் போல எல்லா முகங்களும் ஒரே மாதிரியானவை) பொருந்துகின்றன என்று 1596இல் எழுதினார். 1781இல் யுரேனஸ் கண்டுபிடிக்கப்பட்டதும் அந்தக் கணக்குக்கு இடமில்லாமல் போனது.

கேள்வி: இந்தப் பாட்டை யாராவது கேட்டிருக்கிறார்களா? வானத்தில் அப்படி ஏதாவது நிஜமாக உண்டா?
(வாசகர், மதுரை)

காதால் கேட்க முடியாது, அறிவால்தான் என்று கெப்ளரே எழுதிவிட்டார். ஆனால் லாரி ஸ்பீகல் என்ற இசையமைப்பாளர் கெப்ளரின் கணக்கைக் கணினியில் ஒலியாக்கினார். 1977இல் கிளம்பிய இரண்டு வாயேஜர் விண்கலங்களின் தங்க இசைத்தட்டுகளிலும் அது இருக்கிறது.

நிஜமாக வேண்டுமென்றால் வியாழனின் நிலாக்களைப் பாருங்கள். கானிமீடு ஒரு சுற்று வருவதற்குள் யூரோப்பா ஏறக்குறைய இரண்டு சுற்று, அயோ நாலு சுற்று. இசையில் சொன்னால் அடுத்தடுத்த ஸ்தாயி ஷட்ஜங்கள். எழுகோணம், ஐங்கோணம் எதுவும் இதற்குக் காரணமில்லை. மூன்றும் ஒன்றையொன்று ஈர்த்து அந்தக் கணக்கில் பூட்டிக்கொண்டிருக்கின்றன. அந்தப் பூட்டு அயோவின் பாதையை வட்டமாக விடாததால், வியாழனின் இழுவிசையில் அயோவின் வயிறு கசங்கிச் சூடாகி, எரிமலைகள் வெடித்துக்கொண்டே இருக்கின்றன.