ரியோ ஏசுவுக்கு அப்பால்: சிற்பி லாந்தோவ்ஸ்கி பற்றிய கேள்விகள்

பிரெஞ்சுச் சிற்பி போல் லாந்தோவ்ஸ்கி (1875–1961) பற்றி வந்த கேள்விகளில் சிலவற்றை எடுத்துக்கொள்கிறேன்.

கேள்வி: ரியோ டி ஜெனிரோவின் ஏசு சிலையைச் செய்தவர்தானே, ஐயா?

பதில்: அவரேதான். ஆனால் தனி ஆளாக இல்லை. கட்டுமானம் பிரேசில் பொறியாளர் எய்டோர் ட சில்வா கோஸ்டாவின் பொறுப்பு. முகத்தில் ருமேனியச் சிற்பி கியோர்கே லியோனிடாவின் கைவண்ணமும் உண்டு. 1931இல் திறந்தார்கள். அந்த ஒரு சிலையோடு அவரை நிறுத்திவிடுகிறார்கள் என்பது என் நெடுநாள் மனக்குறை.

கேள்வி: போர் நினைவுச் சின்னங்கள் எத்தனை செய்தார்?

பதில்: எண்பதுக்கும் மேல். முதல் உலகப் போர் முடிந்ததும் பிரான்சில் ஊருக்கு ஊர் நினைவுச் சின்னம் கேட்டார்கள். சிற்பிகளுக்குக் கை ஓயவில்லை. அவர் செய்தவை எல்லாமே உன்னதம் என்று சொல்ல மாட்டேன்.

கேள்வி: அவர் போர்முனையைப் பார்த்தவரா?

பதில்: பார்த்தவர். உருமறைப்புப் பிரிவில் பணியாற்றி, வீரப் பதக்கமும் பெற்றார்.

கேள்வி: ஒன்றே ஒன்றைப் பார்க்க வேண்டுமென்றால் எதைப் பார்ப்பது?

பதில்: யோசிக்காமல் சொல்வேன்: 'ஆவிகள்' என்ற போர் நினைவுச் சிற்பத் தொகுதி. 1918 ஜூலையில், முதல் உலகப் போரின் இரண்டாம் மார்ன் சண்டை நடந்த மண்ணில், பிரான்சின் ஊல்ஷி-லெ-ஷாத்தோ என்ற ஊர் அருகே ஒரு மேட்டின் மேல் நிற்கிறது. எட்டு மீட்டர் உயரக் கருங்கல் உருவங்கள் எட்டு. எந்திரத் துப்பாக்கிக்காரர், விமானி, குடியேற்ற நாட்டுப் படைவீரர் என ஏழு பேர், ஏழு பேருக்கும் கண்கள் மூடியிருக்கின்றன. நடுவில் கோடித்துணியை விலக்கிக்கொண்டு எழும் ஓர் இளைஞன். வாளை உயர்த்துபவர் யாருமில்லை, வெற்றி முழக்கமும் இல்லை. மேட்டுக்கு ஏறும் நான்கு படிநிலைகள் போரின் நான்கு ஆண்டுகள். 1919இல் மனதில் விழுந்த வேலை, 1935இல்தான் திறப்பு விழா கண்டது. அவசரப்படாத சிற்பம் என்று அதைப் பார்த்தாலே தெரியும்.

கேள்வி: 1941இல் நாஜி ஜெர்மனிக்குப் போனாராமே?

பதில்: போனார். வேறு சில பிரெஞ்சுக் கலைஞர்களோடு, ஜெர்மானியர் அழைப்பின் பேரில். போருக்குப் பின் விசாரித்துக் குற்றமில்லை என்று விட்டுவிட்டார்கள். என்னைக் கேட்டால், போயிருக்கக் கூடாது.

கேள்வி: அல்ஜியர்ஸில் அவர் செய்த சின்னத்தை இடித்துவிட்டார்களா?

பதில்: இல்லை, தம்பி. நடந்தது அதைவிடச் சுவையானது. இறந்த வீரனைக் கேடயத்தின் மேல் கிடத்திச் சுமந்து செல்லும் அந்தச் சிற்பம் 1928இல் எழுந்தது. விடுதலை பெற்ற அல்ஜீரியாவுக்கு அது தன்னை ஆண்ட பிரெஞ்சுக்காரர்களின் நினைவு. 1978இல் அதை மாற்றும் வேலை அல்ஜீரிய ஓவியர் முகமது இசியாக்கெம் கைக்கு வந்தது. சிறு வயதில் வெடிகுண்டில் ஒரு கையை இழந்தவர் அவர். சிலையை உடைக்க அவருக்கு மனம் வரவில்லை. சுற்றிலும் கான்கிரீட் உறை எழுப்பி, அதன் மேல் விலங்கை முறிக்கும் இரு கைகளை வடித்தார். லாந்தோவ்ஸ்கியின் சிற்பம் அந்த உறைக்குள்ளேதான் நிற்கிறது.