சின்ன பட்ஜெட் படத்துக்கு ஒளிப்பதிவு: கேட்டவையும் பதில்களும்

அண்ணா, சொந்தமா கேமரா இல்லாம இந்தத் தொழிலுக்கு வர முடியுமா?

தாராளமா. கேமரா பாடி சீக்கிரம் பழசாகிடும், வாடகைக்கும் கிடைக்கும். காசு இருந்தா நல்ல டிரைபாட், ஒரு லைட் மீட்டர், பிடிச்ச ரெண்டு லென்ஸ் வாங்குங்க. அதுங்க ரொம்ப வருஷம் உழைக்கும். 2015-ல வந்த 'டேன்ஜரின்' படம் ஐபோன் 5எஸ்-ல எடுத்ததுன்னு எல்லாரும் சொல்றாங்க. போன் மேல அனமார்ஃபிக் அடாப்டர் (படத்தை அகலமாக்குற கூடுதல் லென்ஸ்) மாட்டியிருந்ததையும், தெருவுல ஓடுற அந்தக் கதைக்கு அது பொருந்தினதையும் யாரும் சொல்றதில்ல.

மூணு லைட்தான் சார் இருக்கு. பகல்ல வீட்டுக்குள்ள ஒரு நீளமான காட்சி. எப்படிச் சமாளிக்கிறது?

மூணே ஜாஸ்தி. முதல்ல லொகேஷனை, ஷூட் பண்ணப் போற அதே நேரத்துல போய்ப் பாருங்க. காலையில ஜன்னல் வழியா வர்ற வெளிச்சம் மத்தியானம் எதிர்ச்சுவருக்குப் போயிருக்கும், இல்ல மொத்தமா காணாமப் போயிருக்கும்.

ஆர்ட்டிஸ்ட்டை ஜன்னலுக்குப் பக்கவாட்டுல உக்கார வைங்க. வெள்ளைச் சுவர்ல பட்டுத் திரும்புற வெளிச்சம் முகத்தோட நிழல் பக்கத்தையும் நிரப்பி, முகத்தைத் தட்டையாக்கிடும். அந்தப் பக்கம், ஃபிரேமுக்கு வெளியே, கறுப்புத் துணி கட்டுங்க. ஒரு லைட்டும் போடாம முகத்துக்கு வடிவம் வந்துடும். புதுசா வர்றவங்க லைட்டை ஏத்திக்கிட்டே போறாங்க; என்னைக் கேட்டா, வெளிச்சத்தைக் குறைக்கிறதுதான் இந்த வேலையில பாதி.

இயற்கை வெளிச்சம் சரியா இருக்கறப்பவே, மொத்த இடமும் தெரியுற வைட் ஷாட்டை முடிச்சிடுங்க. ஜன்னல் இருட்டிட்டா குளோஸப்பை ஒரே எல்.இ.டி.யை, வெளிச்சத்தை மென்மையாக்குற டிஃபியூஷன் துணி வழியா அடிச்சு மேட்ச் பண்ணிடலாம். வைடுல அது நடக்காது.

கடைக்குள்ள எடுத்தா ட்யூப்லைட் துடிக்குது.

50 ஹெர்ட்ஸ் கரண்ட்ல விளக்கு செகண்டுக்கு 100 தடவை ஏறி இறங்கும். செகண்டுக்கு 24 ஃபிரேம்ல 180 டிகிரி ஷட்டர்னா ஒவ்வொரு ஃபிரேம்லயும் 1/48 செகண்ட் வெளிச்சம் விழும், அது விளக்கோட ஏற்ற இறக்கத்தோட ஒத்துப்போகாது. 172.8 டிகிரி வைங்க, 1/50 ஆயிடும். 60 ஹெர்ட்ஸ் ஊர்னா 144. டிம்மர் போட்ட மலிவான எல்.இ.டி. இந்தக் கணக்குக்கு அடங்காது, டெஸ்ட் எடுத்தே தீரணும்.

"படம் வித்ததும் சம்பளம்" என்கிறார் தயாரிப்பாளர். ஒத்துக்கலாமா?

அந்தக் காசு வராதுன்னே வெச்சுக்கிட்டு யோசிங்க. கதைக்காகவோ இயக்குநருக்காகவோ செய்யணும்னு தோணினா செய்யுங்க. ஆனா உங்க சாமானுக்கான வாடகை சம்பளத்தோட கலக்கக் கூடாது, அது முன்னாடியே வரணும். ஒரு நாளைக்கு எத்தனை மணி நேரம், டைட்டில்ல பேர், ஷோரீலுக்கு (உங்க வேலையைக் காட்டுற தொகுப்பு வீடியோ) ஃபுட்டேஜ், டி.ஐ.-ல (படத்தோட கலரைச் சரிபண்ற கட்டம்) நீங்க உக்காருவீங்களா, எல்லாம் எழுத்துல இருக்கட்டும். ஹார்ட் டிஸ்க் யார் வாங்குறதுன்னும் கேளுங்க. சிரிக்காதீங்க, சண்டை பெரும்பாலும் அங்கதான் வரும். ரெண்டு டிஸ்க்ல காப்பி ஆகி, திறந்து பார்க்காம கார்டை ஃபார்மட் பண்ண விடாதீங்க.

ஷோரீல் எவ்வளவு நீளம்?

ரெண்டு நிமிஷம் போதும். சூரிய அஸ்தமன ஷாட்டைத் தூக்கிட்டு, ரெண்டு பேர் பேசுற ஒரு முழுக் காட்சியை வைங்க. கட் மாறினாலும் வெளிச்சம் மாறாம இருக்கான்னுதான் நான் பார்ப்பேன்.

பெரிய படத்துக்கு அசிஸ்டென்ட்டா போறதா, குறும்படம் எடுக்குறதா?

செட் ஒழுங்கு பெரிய படத்துல நல்லா வரும். ஆனா சுயாதீனப் படத்துல உங்களைக் கூப்பிடப் போறது பெரும்பாலும் உங்களோட சேர்ந்து வளர்ந்த இயக்குநர்தான். இயக்குநர் பேரி ஜென்கின்ஸும் ஒளிப்பதிவாளர் ஜேம்ஸ் லாக்ஸ்டனும் ஒரே திரைப்படப் பள்ளியில படிச்சவங்க. 2008-ல ரொம்பச் சின்னச் செலவுல ஒரு படம் சேர்ந்து எடுத்தாங்க. அவங்க அடுத்து சேர்ந்து எடுத்த 'மூன்லைட்' படம் வந்தது 2016-ல. நடுவுல எட்டு வருஷம். அதனால விளம்பரம், கல்யாண வீடியோன்னு வாடகை கட்ட ஒரு வேலை கைவசம் இருக்கட்டும், அதுல வெட்கமே வேண்டாம்.