அஞ்சறைப் பெட்டி: கேட்டவர்களுக்குப் பதில்கள்

சேலத்தில் பல வருடம் மருந்துக்கடை நடத்தியவள் நான். ஏற்காட்டில் எங்களுக்குக் கொஞ்சம் மிளகுக் கொடியும் உண்டு. சமையல் மசாலா பற்றி எதையும் கேளுங்கள்.

அஸ்தம்பட்டி வாசகி: அக்கா, மூட்டு வலிக்கு மஞ்சள் மாத்திரை நல்லது என்கிறார்கள். தினமும் போடலாமா?

மஞ்சளில் மருந்தாக வேலை செய்யும் பொருள் குர்குமின். மஞ்சள் தூளில் அது 3 சதவீதம் அளவில்தான் இருக்கும். ஒரு டீஸ்பூன் தூளில் 90 மில்லிகிராம் வந்தால் அதிகம். அதிலும் பெரும்பகுதி உடம்பில் சேராமலே போய்விடும். மாத்திரையில் குர்குமினைத் தனியாகப் பிரித்து 500 மில்லிகிராம் வைக்கிறார்கள். கூடவே மிளகிலுள்ள பைப்பரினையும் சேர்க்கிறார்கள். பைப்பரின் சேர்ந்தால் ரத்தத்தில் ஏறும் குர்குமின் 20 மடங்கு வரை கூடும் என்று 1998-இல் பெங்களூரில் செய்த ஆய்வு காட்டியது. குழம்பில் போடும் மஞ்சளும் இதுவும் ஒன்றல்ல. 2019-இல் இத்தாலியில் மஞ்சள் மாத்திரை சாப்பிட்ட பலருக்குக் கல்லீரல் அழற்சி வந்து, அரசே எச்சரித்தது. மூட்டு வலி சிலருக்குக் குறைவது உண்மை. ஆனால் ரத்தம் உறையாமலிருக்க மருந்து எடுப்பவர்கள், பித்தப்பைக் கல் உள்ளவர்கள், கல்லீரல் கோளாறு உள்ளவர்கள் தொடவே வேண்டாம். சமையல் அளவு வேறு, மருந்து அளவு வேறு.

செவ்வாய்ப்பேட்டை வாசகர்: மஞ்சளுக்குச் சாயம் ஏற்றுகிறார்களாமே?

சில இடங்களில் நடக்கிறது. மங்கலான கிழங்கைப் பளிச்சென்று காட்ட லெட் குரோமேட் என்ற மஞ்சள் சாயம் பூசுவார்கள். அதில் ஈயம் இருக்கிறது. பங்களாதேஷில் கர்ப்பிணிகளின் ரத்தத்தில் ஈயம் ஏறியதற்கு இப்படிப் பூசிய மஞ்சளே காரணம் என்று கண்டுபிடித்தார்கள். விரலி மஞ்சளாக வாங்குங்கள். ஈரக் கையால் தேய்க்கும்போது பளீரென்று மஞ்சள் ஒட்டினால் அதை விட்டுவிடுங்கள். கழுவிக் காயவைத்து, மில்லில் நம் கண்முன் அரைப்பது நல்லது.

ஆத்தூர் வாசகர்: தினமும் மஞ்சள் பால் குடிக்கலாமா?

கால் ஸ்பூன் போட்டுக் குடியுங்கள். சிறுநீரகக் கல் வந்தவர் என்றால் தினமும் வேண்டாம். கல் உண்டாகக் காரணமான ஆக்சலேட் மஞ்சளில் அதிகம்.

ஏற்காடு வாசகர்: மிளகில் பப்பாளி விதையை எப்படிக் கண்டுபிடிப்பது?

தண்ணீரில் போட்டால் பப்பாளி விதை மிதக்கும். ஆனால் உள்ளே காலியான பொக்கு மிளகும் மிதக்கும். அதனால் மிதப்பதை எடுத்து உடைத்து வாயில் வைத்துப் பாருங்கள். மிளகென்றால் அதற்கே உரிய மணமும் காரமும் சொல்லிவிடும்.

சூரமங்கலம் வாசகி: சுகருக்குத் தினமும் ஒரு ஸ்பூன் பட்டைப் பொடி சாப்பிடுகிறேன். சரிதானே?

எந்தப் பட்டை என்று பாருங்கள். கடையில் சாதாரணமாகக் கிடைக்கும் தடித்த பட்டை காசியா என்ற வகை. அதன் ஒரு கிராமில் கூமரின் என்ற பொருள் சுமார் 3 மில்லிகிராம் இருக்கும். அது கல்லீரலுக்கு ஆகாது. 60 கிலோ எடையுள்ளவருக்கு ஒரு நாளைக்கு 6 மில்லிகிராம்தான் ஐரோப்பிய வரம்பு. ஒரு ஸ்பூனில் அது தாண்டிவிடும். சுருட்டு மாதிரி மெல்லிய அடுக்கடுக்காக இருக்கும் இலங்கைப் பட்டையில் கூமரின் மிகக் குறைவு. எதுவானாலும் சுகர் மாத்திரையை நிறுத்திவிட்டுச் சாப்பிட வேண்டாம்.

ஓமலூர் வாசகி: மூன்று மாதக் குழந்தைக்கு உரைமருந்து கொடுக்கலாமா? பாட்டி வசம்பும் ஜாதிக்காயும் உரைக்கிறார்.

கொடுக்காதீர்கள். ஆறு மாதம் வரை தாய்ப்பால் மட்டும்தான்.

சங்ககிரி வாசகர்: என்ன அக்கா, 'பிள்ளை வளர்ப்பான்' என்றே வசம்புக்குப் பெயர். எங்கள் வீட்டில் ஏழு பிள்ளைகளும் அதில்தான் வளர்ந்தோம்.

பாட்டிமார் அன்பில் எனக்குச் சந்தேகமே இல்லை, தம்பி. ஆனால் கல்லில் எத்தனை சுற்று என்பதை யார் அளக்கிறார்கள்? ஜாதிக்காயில் மிரிஸ்டிசின் என்ற மயக்கும் பொருள் இருக்கிறது. ஒரு காய் அளவு உள்ளே போனால் பெரியவருக்கே படபடப்பும் குழப்பமும் வரும். குழந்தை அசந்து தூங்குவதை 'நல்லா தூங்குது' என்கிறோம். அது மயக்கமாகவும் இருக்கலாம்.

சங்ககிரி வாசகர்: வசம்பை விளக்கில் சுட்டுத்தானே கொடுக்கிறோம்? சுட்டால் நஞ்சு போகும்.

சுட்டால் எல்லாம் போய்விடும் என்பதற்கு உத்தரவாதம் கிடையாது. வசம்பிலுள்ள பீட்டா அசரோன் என்ற பொருள் எலிகளுக்குப் புற்றுநோய் உண்டாக்கியது. அதனால் 1968-இலேயே அமெரிக்கா வசம்பை உணவில் தடை செய்தது. உங்கள் ஏழு பேரும் நன்றாக இருப்பதில் சந்தோஷம். வாந்தியும் வலிப்புமாக வந்த குழந்தைகளை நான் கடை வாசலில் பார்த்திருக்கிறேன். அவர்களைப் பற்றி யாரும் கதை சொல்வதில்லை.

மேட்டூர் வாசகர்: மஞ்சள் மாத்திரை எத்தனை நாள் போடலாம்?

முதல் பதிலைப் படியுங்கள்.

எடப்பாடி வாசகி: மசாலா அரைக்க எந்த மிக்சி வாங்கலாம்?

மிக்சிக் கடையில் கேளுங்கள்.

ஓமலூர் வாசகி: வசம்பு வளையல் கையில் போட்டிருக்கிறோம். அது பரவாயில்லையா? பாட்டி மனசு கோணுமே.

குழந்தையின் கை நேராக வாய்க்குத்தான் போகும், கழற்றிவிடுங்கள். பாட்டி காலில் போட்டுக் குளிப்பாட்டட்டும், சாம்பிராணி வேண்டாம், தாலாட்டு பாடட்டும். ஏற்கெனவே உரைமருந்து கொடுத்துக் குழந்தை பால் குடிக்காமல் துவண்டு கிடந்தால் இன்னொரு வேளை பார்க்கலாம் என்று இருக்காதீர்கள். 108-ஐக் கூப்பிடுங்கள். என்ன உரைத்தீர்கள் என்பதை டாக்டரிடம் மறைக்காமல் சொல்லுங்கள்.