சத்தம் ஒரு பக்கம், படம் ஒரு பக்கம்: காசு கொடுத்து வாங்கிய கோப்பு கெட்டதா?

கேள்வி: பள்ளி முடித்து ஊரை விட்டுக் கிளம்பும் ஒரு பெண்ணைப் பற்றிய சுயாதீனப் படம். படக்குழுவின் தளத்திலேயே வாங்கினேன்; 6.2 ஜிபி எம்கேவி கோப்பு. விண்டோஸ் லேப்டாப்பில் சத்தம் மட்டும் வருகிறது, திரை கறுப்பு. பென்டிரைவ் கோப்பை ஏற்கவில்லை. ஹார்ட் டிஸ்க்கில் போட்டு டிவியில் செருகினால் படம் ஓடுகிறது, சத்தம் இல்லை. பணத்தைத் திரும்பக் கேட்கலாமா?

பதில்: லேப்டாப்பில் சத்தமும் டிவியில் படமும் வருகின்றன என்றால், பெரும்பாலும் கோப்பு நன்றாகவே இருக்கிறது. கோளாறு மூன்று, காரணமும் மூன்று.

பென்டிரைவ் எஃப்ஏடி32 முறையில் ஃபார்மட் ஆகியிருக்கும். அதில் 4 ஜிபியைத் தாண்டிய ஒற்றைக் கோப்பு ஏறாது. உள்ளே இருப்பதை வேறிடத்தில் நகலெடுத்துவிட்டு எக்ஸ்ஃபேட் என்ற முறைக்கு ஃபார்மட் செய்யுங்கள்; அதில் பெரிய கோப்பும் ஏறும்.

கறுப்புத் திரைக்கு, வீடியோவைச் சுருக்கிவைக்கும் முறையான எச்.265 காரணமாக இருக்கலாம். விண்டோஸில் அதை விரித்துக் காட்டும் டிகோடர் எல்லாக் கணினியிலும் இருப்பதில்லை. விஎல்சி பிளேயர் அதைத் தன்னோடே கொண்டு வருகிறது, இலவசம். 'கோடெக் பேக்' என்று தேடி, கிடைத்ததை எல்லாம் இறக்காதீர்கள். வைரஸ் நுழையும் வழி அது. விஎல்சியில் படத்தை ஓட்டி கன்ட்ரோலும் ஜேயும் அழுத்தினால் வீடியோ, ஆடியோ வகைகள் தெரியும். 10 பிட் (நிறங்களை நுணுக்கமாகப் பதியும் வகை) என்று இருந்து, படம் திக்கித் திக்கி ஓடினால், லேப்டாப் பழையது என்று பொருள்: இன்டெல்லில் 7ஆம் தலைமுறையிலிருந்துதான் 10 பிட் எச்.265ஐ வன்பொருளே கையாள்கிறது.

டிவியின் மௌனத்துக்கு, அதே பட்டியலில் ஆடியோ டிடிஎஸ் (ஒரு ஒலி வடிவம்) என்று இருக்கிறதா பாருங்கள். சாம்சங் 2018 மாடல்களிலிருந்து டிடிஎஸ்ஸைக் கைவிட்டது. எல்ஜி 2020இல் விட்டு 2023இல் திரும்பச் சேர்த்து, 2025இல் மறுபடி விட்டது. இதற்காகப் படம் முழுவதையும் கன்வர்ட் செய்ய வேண்டாம். மங்கலான வெளிச்சத்தில் எடுத்த காட்சிகளில் தெரியும் மெல்லிய புள்ளித்தன்மை (கிரெய்ன்) முதலில் அழிந்துவிடும்; அந்தப் படத்தின் அழகே அதில்தான் இருக்கும். ஆடியோவை மட்டும் மாற்றுங்கள். அவிடெமக்ஸ் என்ற இலவச எடிட்டரில் கோப்பைத் திறந்து, வீடியோவுக்கு 'காப்பி', ஆடியோவுக்கு 'ஏசி3' என்ற ஒலி வடிவம், 448 கேபிபிஎஸ், வெளியீட்டுக்கு எம்கேவி என்று வைத்துச் சேமியுங்கள். வீடியோ ஒரு துளி குறையாது, வேலையும் சீக்கிரம் முடியும். சப்டைட்டில் மட்டும் விடுபடும். எம்கேவி கோப்புகளை இணைக்கும் எம்கேவிடூல்நிக்ஸ் மென்பொருளில் பழைய, புதிய இரண்டு கோப்பையும் சேர்த்து, பழையதில் சப்டைட்டிலைத் தவிர மற்ற டிக்குகளை எடுத்துவிட்டு இணைத்தால் அதுவும் வந்துவிடும்.

பணத்துக்கு முன், எச்.264 வீடியோ, ஏஏசி ஆடியோ கொண்ட எம்பி4 பிரதி தரமுடியுமா என்று படக்குழுவிடம் கேளுங்கள். கோப்பின் அளவு அவர்கள் சொன்னதைவிடக் குறைவு என்றால் பதிவிறக்கம் அறுந்திருக்கிறது, மறுபடி இறக்குங்கள். கோப்பின் வகையை வாங்கும் பக்கத்தில் சொல்லாமல் விற்று, மாற்றும் தர மறுத்தால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915இல் புகார் தரலாம்.

கேள்வி: அதே படத்தில் இரு பக்கமும் கறுப்புப் பட்டை. பேச்சு காதில் விழவில்லை, இசை மட்டும் அதிர்கிறது.

பதில்: பட்டை பிழையல்ல. 4:3 சட்டகத்தில் எடுத்திருப்பார்கள். டிவியில் 'ஜூம்' வைத்தால் தலையும் கையும் வெட்டுப்படும். பல ஸ்பீக்கர்களுக்கான 5.1 ஒலியில், பேச்சு நடு ஸ்பீக்கரில் இருக்கிறது. விஎல்சியில் ஆடியோ மெனுவில் ஸ்டீரியோவைத் தேர்ந்து, எஃபெக்ட்ஸில், உரத்த ஒலிக்கும் மெல்லிய ஒலிக்கும் உள்ள இடைவெளியைக் குறைக்கும் கம்ப்ரஸரை இயக்குங்கள். டிவியிலேயே பார்ப்பதானால் அவிடெமக்ஸ் ஆடியோ ஃபில்டரில் ஸ்டீரியோவாக மாற்றிக்கொள்ளலாம். டிவியில் நகர்வை வழவழப்பாக்கும் மோஷன் வசதியையும் அணைத்துவிடுங்கள். நொடிக்கு 24 ஃபிரேம் ஓடும் படம் அதில் டிவி சீரியல் போலத் தெரியும்.