குரல விக்கிறதா, வாடகைக்கு விடுறதா?

கேள்வி: வணக்கம் அக்கா. எனக்கு 36 வயசு, வீட்டுக்காரரோட சிங்கப்பூர் ஜூரோங் வெஸ்ட்ல மாமியார் வீட்டுல இருக்கேன். மேடை நாடகம் நடிக்கிறேன், கூடவே டப்பிங், வாய்ஸ் ஓவர், ஸ்கூல்ல நாடகப் பட்டறை. போன வருஷம் மொத்தம் 46,000 வெள்ளி (டாலர்) வந்துச்சு, அதுல நாடகம் 9,000, குரல் வேலை 24,000, ஸ்கூல் 13,000. செலவு போக 40,000 நிக்கும். ஆனா ஏப்ரல்ல 7,000 வரும், டிசம்பர்ல 600தான். கிரெடிட் கார்டுல 7,000 கடன் இருக்கு, சேமிப்புல 6,500 இருக்கு. ஒரு நிகழ்ச்சி கம்பெனி 2,700 வெள்ளி தராம 7 மாசமா இழுத்தடிக்குது. இப்ப ஒரு ஏஜெண்ட், 30 மணி நேரம் படிச்சுப் பதிவு பண்ணிக் கொடுத்தா ஏஐ குரல் செய்ய 8,000 வெள்ளி தர்றேங்கிறார், ஒரே தடவ பணம், எல்லா மீடியாவுக்கும், காலம் முழுக்க. வாங்கி கார்ட அடைச்சிடலாமா? வீட்டுக்காரருக்கு மாசம் 3,400 சம்பளம், பிடிஓ (அரசாங்கம் கட்டித் தர்ற புது வீடு) கிடைக்குமா? கல்யாணத்துல எம்சி (தொகுப்பாளர்) வேலைக்கு கையில தர்ற 5,000 வெள்ளியும் கணக்குல காட்டணுமா? அம்மா ஒழுங்கா ஒரு வேலைக்குப் போங்கிறாங்க.

பதில்: தங்கச்சி, நீங்க கேட்டதுல அவசரமா பதில் சொல்ல வேண்டியது அந்த 8,000 வெள்ளிக்குத்தான், அதனால அத முதல்ல பேசிடுவோம், மத்தது எல்லாம் ஓடிப் போகாது.

கையெழுத்து போடாதீங்க. இப்ப இருக்குற மாதிரி வேண்டாம்.

ஏன்னு சொல்றேன். உங்க 24,000 வெள்ளி குரல் வருமானத்த கொஞ்சம் பிரிச்சுப் பாருங்க, அதுல நாடக டப்பிங் எவ்வளவு, விளம்பரம் எவ்வளவு, கம்பெனி பயிற்சி வீடியோ, போன்ல "1ஐ அழுத்தவும்" சொல்ற வேலை எவ்வளவு. கடைசி வகை 10,000 வெள்ளி வரும்னு வச்சுக்குங்க. ஏஐ முதல்ல சாப்பிடப் போறது அதத்தான், ஏன்னா அங்க யாரும் நடிப்பு கேக்கல, தெளிவா படிச்சா போதும். அதாவது உங்களோட ஒரு வருஷ வேலையவிட குறைஞ்ச காசுக்கு உங்களுக்கே ஒரு போட்டியாளர உருவாக்கிக் கொடுக்குறீங்க, அவரு தூங்க மாட்டாரு, தொண்ட கட்டாது, டிசம்பர்ல லீவு கேக்க மாட்டாரு. நம்ம ஊர்ல அரசாங்க வீட்டையே 99 வருஷ லீசுக்குத்தான் தர்றாங்க, நீங்க மட்டும் குரல காலம் முழுக்க எழுதிக் கொடுக்கலாமா?

இன்னொண்ணு, குரலோட தன்மைக்குன்னு தனியா காப்புரிமை (காப்பிரைட்) கிடையாது. 2021 காப்புரிமைச் சட்டத்துக்கு அப்புறம், உங்க நடிப்ப பொதுவுல பயன்படுத்துனா பேர் போடணும்னு கேக்குற உரிமை இருக்கு, ஆனா காண்ட்ராக்ட்ல "எல்லாம் அவங்களுக்கே"ன்னு எழுதிட்டா பெரும்பாலும் அந்தக் காகிதம்தான் பேசும். நானும் சின்ன வயசுல ஒரு கடை விளம்பரத்துக்கு 150 வெள்ளிக்கு குரல் கொடுத்தேன், ஆறு மாசம்னு வாயால சொன்னாங்க, மூணு வருஷம் ஓடுச்சு. தேக்காவுல காய்கறி வாங்கும்போது என் குரலே எனக்கு கேக்கும், எரிச்சலா இருக்கும், ஒண்ணும் பண்ண முடியல.

அதுக்காக கதவ அடச்சு சாத்த வேண்டாம், திருப்பி ஒரு பேரம் பேசுங்க. ஒரே ஒரு வாடிக்கையாளருக்கு, ஒரே ஒரு வேலைக்கு, ரெண்டு வருஷம், அப்புறம் தொடரணும்னா திரும்ப பணம், வேற யாருக்கும் கைமாத்தக் கூடாது, கடன் விளம்பரம் மருந்து விளம்பரம் அரசியல் எதுக்கும் கூடாது, காலம் முடிஞ்சா மாடல அழிச்சிடணும், இதெல்லாம் எழுத்துல வேணும். ஒத்துக்கிட்டா 8,000க்கு கம்மியா கொடுத்தாக்கூட யோசிக்கலாம். ஒத்துக்கலன்னா அவருக்கு வேண்டியது உங்க பதிவு இல்ல, உங்களுக்குப் பதிலா ஒண்ணு. இதே கேள்விய 62 வயசுல தொழில விடப்போற ஒருத்தர் கேட்டிருந்தா வேற மாதிரி சொல்லியிருப்பேன், உங்களுக்கு இன்னும் 25 வருஷம் இருக்கு.

சரி, கார்டு கடனுக்கு என்ன பண்றது. சேமிப்புல 6,500 வச்சுக்கிட்டு கார்டுல 7,000 சுமக்குறீங்க பாருங்க, இது நிறைய பேர் பண்றதுதான், கையில காசு இருக்குற தைரியத்துக்காக. ஆனா கார்டு வட்டி வருஷத்துக்கு 25 சதவீதத்துக்கு மேல, உங்க சேமிப்புக் கணக்குல அதுல பத்துல ஒரு பங்கு கூட வராது. இன்னைக்கே 3,500 கட்டிடுங்க, 3,000 அவசரத்துக்கு இருக்கட்டும். மீதி 3,500ல 2,700 அந்தக் கம்பெனிகிட்டதான் இருக்கு!

அத எப்படி வாங்குறதுன்னா, வாட்ஸ்அப்ல "ஹாய் எனி அப்டேட்"னு அனுப்புறத நிறுத்துங்க. வேலை பண்ண தேதி, ஒத்துக்கிட்ட தொகை, இன்வாய்ஸ் எல்லாம் சேத்து 14 நாள் கெடு வச்சு ஒரு இமெயில். வரலன்னா டாடம்ல (வேலைத் தகராறுகளப் பேசித் தீர்க்குற அமைப்பு) சமரசத்துக்குப் போகலாம், சொந்தத் தொழில் பண்றவங்களோட பணத் தகராறையும் அங்க பாக்குறாங்க. அதுவும் ஆகலன்னா சிறு கோரிக்கை நடுவர் மன்றம், 20,000 வெள்ளி வரைக்கும், ரெண்டு வருஷத்துக்குள்ள போடணும், வக்கீல் வச்சுக்கவே முடியாது, ரெண்டு பக்கமும் நேரா வந்து பேசணும். "இந்த ஃபீல்டு சின்னது, பேர் கெட்டுடும்"னு பயப்படுவீங்க, தெரியும். காசு தராதவர்கிட்ட நல்ல பேர் வாங்கி என்ன செய்யப் போறீங்க சொல்லுங்க.

அடுத்து எம்சி காசு. காட்டணும், அது வருமானம்தான், கையில வாங்குனாலும் பேநவ் மூலமா பேங்குக்கு வந்தாலும் சட்டத்துக்கு ஒண்ணுதான். ஆனா சட்டத்த விடுங்க, கணக்கப் பாருங்க. 40,000 நிகர வருமானத்துக்கு உங்க வயசுல மெடிசேவ் (சிபிஎஃப்ங்கிற சேமநிதியில மருத்துவச் செலவுக்கான கணக்கு) 9 சதவீதம், அதாவது 3,600 (வருஷத்துக்கு நிகரமா 6,000க்கு மேல வந்தாலே மெடிசேவ் கட்டாயம்). அந்த 3,600யும் உழைப்பு வருமானக் கழிவு 1,000மும் கழிச்சா 35,400, அதுக்கு வரி 389 வெள்ளி. வருஷத்துக்கே அவ்வளவுதான்! அந்த 5,000 வெள்ளிய மறைச்சா மிச்சமாகுற வரி 160 வெள்ளி கூட வராது. மெடிசேவுக்கு இன்னும் 450 போகும், ஆனா அது உங்க பேர்லயே இருக்குற காசு. இந்தச் சில்லறைக்காக நீங்க இழக்குறது என்ன தெரியுமா, வீடு.

ஏன்னா அரசாங்க வீடு தர்ற வீவகவோ பேங்கோ உங்க மேடைய வந்து பாக்காது, வரித் துறையான ஐராஸ் தர்ற வரி மதிப்பீட்டு நோட்டீஸத்தான் பாக்கும். உங்க 40,000 மாசத்துக்கு 3,333, அவரோட 3,400 சேத்தா 6,733. பிடிஓ குடும்ப வருமான வரம்பு மாசம் 14,000, அதுக்குள்ள வந்துடுறீங்க, முதல் வீடுன்னா, மாச வருமானம் 9,000 வரைக்கும் உள்ளவங்களுக்குத் தர்ற கூடுதல் சிபிஎஃப் வீட்டு மானியத்துக்கும் விண்ணப்பிக்கலாம். மாசத் தவணை வருமானத்துல 30 சதவீதத்தத் தாண்டக் கூடாது, அப்ப ஏறக்குறைய 2,020. ஆனா பேங்க் கடன்னா உங்க மாதிரி ஏறி இறங்குற வருமானத்துல குறைஞ்சது 30 சதவீதத்த வெட்டிட்டுத்தான் கணக்குப் போடும், அப்ப 1,720தான் வரும். காட்டாத 5,000 இந்தக் கணக்குல இல்லவே இல்ல. இதுக்கு மேல நான் சொல்லவே வேண்டாம்.

வருமானம் ஏறி இறங்குறதுக்கு ஒரே வழி நீங்களே உங்களுக்கு முதலாளி ஆகி சம்பளம் போட்டுக்குறது. தனியா ஒரு கணக்கு, நாடகமோ டப்பிங்கோ எது வந்தாலும் அங்கதான் விழணும், அதுல 10 சதவீதம் மெடிசேவுக்கும் வரிக்கும் ஒதுக்கிட்டு, மாசம் 1ஆம் தேதி 2,400 மட்டும் வீட்டுக்கு எடுங்க. ஏப்ரல்ல தமிழ்மொழி விழா, அப்புறம் தீபாவளி சீசன்னு காசு கொட்டும்போதும் 2,400, ஸ்கூல் லீவுல காஞ்சு கிடக்கும்போதும் 2,400. மாசத்துக்கு சராசரியா 600 மிஞ்சும், முதல் ரெண்டு மாசத்துல கார்டோட மிச்சம் தீரும், அப்புறம் நாலு மாசச் சம்பளம் சேருற வரைக்கும் அத தொடாதீங்க. கொஞ்சம் பெருசா ஆனதும் சிங்கப்பூர் சேமிப்புப் பத்திரத்துல போடலாம், 500 வெள்ளில ஆரம்பிக்கலாம், எந்த மாசம் வேணும்னாலும் அபராதம் இல்லாம எடுக்கலாம். மைக், மேடைக்குன்னே தச்ச உடை, மேக்கப், ஷோவுக்குப் போன டாக்ஸி ரசீதெல்லாம் 5 வருஷம் வச்சிருங்க, ஷூபாக்ஸ்ல போட்டு வச்சாலும் சரிதான்.

ஒரு பயம் எனக்கு இருக்கு, நீங்க கேக்கல, ஆனா சொல்லணும். தொண்டைக்கு ஏதாவது ஆச்சுன்னா? அரசாங்கக் காப்புறுதி கேர்ஷீல்டு லைஃப் இருக்கேன்னு நினைக்காதீங்க, குளிக்கிறது, சாப்பிடுறது, நடக்குறது மாதிரி ஆறு அன்றாட வேலையில மூணு செய்ய முடியலன்னாதான் அது தரும், குரல் போனதுக்கு தராது. சொந்தத் தொழில் பண்றவங்களுக்குன்னு நீண்ட மருத்துவ விடுப்புக் காப்புறுதி இருக்கு, ஒரு நாளைக்கு இவ்வளவுன்னு தரும். ஒரு கொட்டேஷனாவது வாங்குங்க.

அம்மா சொல்றதுக்கும் ஒரு கணக்கு இருக்கு, கோபப்படாதீங்க. வேலைக்குப் போனா முதலாளி 17 சதவீதம் சிபிஎஃப் போடுவாரு, அதனால உங்க 40,000க்கு சமமான சம்பளம் மாசத்துக்கு 2,850 வெள்ளிதான், சம்பளத்தோட லீவு, மருத்துவ விடுப்பு எல்லாம் சேக்காமலே. அதாவது 3,200 வெள்ளிக்கு ஒரு வேலை கிடைச்சா காசுக் கணக்குல அம்மா சொல்றதுதான் சரி. ஆனா நாலு அதிகாரத்துவ மொழி இருக்குற ஊர் இது, அரசாங்க விளம்பரங்களுக்குத் தமிழ்க் குரல் வேணும், அந்த இடத்துக்கு நடிக்கத் தெரிஞ்சவங்க ரொம்ப இல்ல. நாடகத்துல வர்ற 9,000 மணிக்கணக்குப் போட்டா அவமானமா இருக்கும், ஒத்திகைக்கு குட்மேன் ஆர்ட்ஸ் சென்டருக்கும் ஸ்டாம்ஃபோர்டுக்கும் எத்தன ராத்திரி போயிருப்பீங்க, இருந்தாலும் குரல் வேலைக்கு உங்கள கூப்பிட்டவங்கள்ல எத்தன பேர் மேடையில பாத்துட்டுக் கூப்பிட்டாங்கன்னு எண்ணிப் பாருங்க. பாதிப் பேர்னா நாடகத்த விடாதீங்க, ஒருத்தர் ரெண்டு பேர்னா வருஷத்துக்கு ஒரு நாடகம் போதும். அம்மாகிட்ட ரெண்டு வருஷம் டைம் கேளுங்க, வரி நோட்டீஸ்ல நிகர வருமானம் 45,000 தாண்டலன்னா பாதிநேர வேலை ஒண்ணு பாக்குறேன்னு நீங்களே சொல்லிடுங்க.

ஏஜெண்டுக்கு இந்த வாரம் பதில் சொல்லாதீங்க, முதல்ல 2,700 வெள்ளிக்கான இமெயில் போகட்டும்.