மறுமொழி: சில்சாரில் மனு எந்த மொழியில்?

அசாம் மாநிலத்தின் சில்சாரில் உள்ள மாவட்ட அலுவலகத்துக்குக் குறைதீர் மனுவை அசாமியில்தான் தர வேண்டுமா என்று கேட்டிருந்தீர்கள். வேண்டியதில்லைங்க. 1960 ஆட்சிமொழிச் சட்டம் அசாமியை மாநில ஆட்சிமொழி ஆக்கியது உண்மை. ஆனால் 1961 மே 19 அன்று சில்சாரில் வங்க மொழிக்காகப் போராடியவர்கள் மீதான துப்பாக்கிச் சூட்டில் 11 பேர் இறந்தபின் வந்த திருத்தத்தால், சில்சார் இருக்கும் பராக் பள்ளத்தாக்கில் மாவட்ட நிலை வரை வங்க மொழி செல்லுபடியாகும். ஆங்கிலமும் சரி, மாநிலத் தலைமைச் செயலகம் உள்ள குவாஹாட்டிக்குப் போகும் தாளென்றால் அதுவே நல்லது. வாங்க மறுத்தால் அரசியலமைப்பின் 350ஆம் பிரிவைச் சுட்டுங்கள்: ஒன்றியத்திலோ அந்த மாநிலத்திலோ வழங்கும் எந்த மொழியிலும் குறைதீர் மனு தரலாம்.

அசாமியில்தான் தருவேன் என்றால் தட்டச்சில் கவனம். அசாமி, வங்க எழுத்துகள் ஒன்றுபோலத்தானே என்று வங்க விசைப்பலகையில் அடித்தால் அசாமி ரகரத்துக்குப் பதில் வங்க ரகரம் விழும். கணினிக்கு அது வேறு எழுத்து. பிறகு பெயரைத் தேடினால் சிக்காது.